தூக்கம் எடுக்க வந்தவள்

இவள் தூங்கவில்லை. மூடிய இமைக்குள் கருவிழி நகர்வது கேமராவின் சின்னத் திரையில் நன்றாகத் தெரிகிறது. வாய் லேசாகத் திறந்திருக்கிறது, ஆனால் அந்தத் திறப்பில் ஓர் அடக்கம் இருக்கிறது, நிஜமாகத் தூங்குகிறவர்களின் வாய்க்கு அந்த அடக்கம் வராது. கன்னத்துக்குக் கீழே கையை வைத்திருக்கிற விதத்தைப் பார், காலண்டரில் தூங்குகிற குழந்தை மாதிரி. நேற்றும் இதே கை, இதே கன்னம். முத்துப்பேச்சி. மதுரையின் இந்தப் பெரிய ஜவுளிக்கடையில் பட்டுப்புடவைப் பிரிவில் நிற்பவள். நிற்பவள் என்றுதான் சொல்ல வேண்டும், காலையில் கடை திறந்ததிலிருந்து இரவு ஷட்டர் இறங்குகிறவரை நிற்பதுதான் முதல் வேலை, புடவையை விரித்துக் காட்டுவதெல்லாம் அதற்குப் பிறகுதான். மதியம் சாப்பிடவும் படுக்கவுமாக ஒரு சின்ன இடைவேளை, அதற்கு மொட்டைமாடிக்குக் கீழே இந்த அறை. புடவை வந்த அட்டைப்பெட்டிகளைப் பிரித்துத் தரையில் போட்டு, சாப்பாட்டுப் பையைத் தலைக்கு வைத்து, எல்லாரும் ஒரே மெரூன் சேலையில் வரிசையாகப் படுத்திருக்கிறார்கள். நான் மூலையில் கேமராவோடு நிற்கிறேன். வேலை செய்கிறவர்கள் எப்படி ஓய்வெடுக்கிறார்கள் என்பதுதான் நான் எடுக்கிற ஆவணப்படம். மீன் இறக்குகிறவர்கள் படகு நிழலில் படுத்ததை எடுத்தாயிற்று, செங்கல் சூளையில் எடுத்தாயிற்று, லாரிக்கு அடியில் சேலையைத் தூளி கட்டித் தூங்கிய டிரைவரை எடுத்தாயிற்று. அவர்கள் தூங்கினார்கள். அதில் சந்தேகமே இல்லை, ஈ வந்து உதட்டில் உட்கார்ந்து கால் தேய்த்துக்கொண்டது, அவர்களுக்குத் தெரியவில்லை. இங்கே ஈ கூட இல்லை. மருந்து அடித்திருப்பார்கள். எனக்காக அடித்திருப்பார்கள்.

எனக்காக என்றால் கேமராவுக்காக. சின்ன முதலாளி அவ்வளவு சுலபமாகச் சரி சொன்னபோதே நான் யோசித்திருக்க வேண்டும். "எங்க வேணாலும் எடுத்துக்கங்க மேடம், நம்ம கடையில மறைக்க என்ன இருக்கு?" என்றார், பாதாம் பால் வரவழைத்துக் கொடுத்தார். மறைக்க ஒன்றும் இல்லாதவர்களுக்கு அந்த வார்த்தை வாயில் வருமா? முதல் நாள் கீழே எடுக்கப் போனால் ஒவ்வொரு கவுண்டருக்குப் பின்னாலும் ஒரு சிவப்பு பிளாஸ்டிக் ஸ்டூல், விலை ஒட்டிய சீட்டுகூடக் கிழிக்கவில்லை. யாரும் அதில் உட்காரவும் இல்லை. ஒரு பெண் தண்ணீர் பாட்டிலை அதன்மேல் வைத்திருந்தாள், வேறு எதற்கு இது என்பதுபோல. இந்த அறைச் சுவரிலும் புதுப் பெயிண்ட் வாசனை, எலுமிச்சைச் சோற்று வாசனையையும் புதுத்துணிக் கஞ்சி வாசனையையும் மீறிக்கொண்டு வருகிறது. மின்விசிறியின் இறக்கையில் தூசி இல்லை. ஆடித் தள்ளுபடி நடக்கிற நேரம், கீழே ஜனம் ஒருவர்மேல் ஒருவர் ஏறிக்கொண்டு நிற்கிறது, மைக்கில் "இரண்டாம் தளத்தில் சிறப்பு விற்பனை" என்று ஒரு பெண் ஓயாமல் கூவுகிறாள், இந்த நேரத்தில் இத்தனை பெண்களை இவ்வளவு நேரம் படுக்க விடுகிற முதலாளி எந்த ஊரில் இருக்கிறார்? இது செட். யாரோ போட்டுவைத்த செட். இந்தப் பெண்களுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள், அந்தம்மா வந்தா படுங்க, கண்ணை மூடுங்க, நல்லா ரெஸ்ட் எடுக்கிற மாதிரி இருங்க என்று. நேற்றுக்கூட நான் கேமராவை நிறுத்தின மறுநிமிடமே எழுந்து கொண்டையை முடிந்துகொண்டு கீழே போய்விட்டார்களே. கட் சொன்னதும் எழுந்துபோகிற நடிகைகள் மாதிரி. சூப்பர்வைசர் தனுஷ்கோடி வாசலில் வந்து நின்றான், சிரித்தான், "முடிஞ்சிருச்சா மேடம்?" என்றான். முடிந்துவிட்டது என்று அவனுக்கு யார் சொன்னது? நான் இந்தத் தேதிக்கு வருகிறேன் என்பதுகூட இவர்களுக்கு முன்னாலேயே தெரிந்திருந்தது, இல்லையென்றால் பெயிண்ட் காயக்கூட நேரம் இருந்திருக்காது. நான் ஒருவரிடமும் சொல்லவில்லை. ஷாகுலைத் தவிர.

ஷாகுல் என் ஒலிப்பதிவாளன். மேலப்பாளையத்துக்காரன், அதிகம் பேசாதவன், பல வருடமாக என்னோடு ஊர் ஊராக அலைகிறவன். பெண்கள் படுக்கிற அறைக்குள் அவன் வருவதில்லை, வெளியே மாடிப்படியில் ரெக்கார்டரை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். முத்துப்பேச்சியின் ஜாக்கெட் ஓரத்தில் சின்ன மைக்கை நான்தான் குத்திவிட்டேன். "இது எதுக்குக்கா?" என்றாள். "மூச்சுச் சத்தத்துக்கு" என்றேன். "மூச்சுகூடவா எடுப்பீங்க?" என்று கேட்டுவிட்டு, பக்கத்தில் இருந்த சகாயமேரியைப் பார்த்துச் சிரித்தாள். அந்த மூச்சு ஷாகுலுக்கும் போகிறது, இன்றைக்கு முதல்முறையாக என் ஒரு காதில் செருகியிருக்கிற இயர்போனுக்கும் வருகிறது. வருகிறது, போகிறது. ஆனால் தூங்குகிற மூச்சு இல்லை. இது எண்ணிக்கொண்டு விடுகிற மூச்சு. ஷாகுலுக்கு இது தெரியாமலா இருக்கும், அவன் காதுக்கு? முதல் நாளே தெரிந்திருக்கும். என்னிடம் ஒரு வார்த்தை சொன்னானா? "சவுண்ட் எப்படி?" என்று கேட்டால் "நல்லாருக்குக்கா" என்று கேபிளைச் சுற்றிக்கொண்டே சொல்கிறான், முகத்தைப் பார்த்துச் சொல்வதில்லை. நேற்று சாயங்காலம் டீக்கடையில் தனுஷ்கோடியோடு நின்றுகொண்டிருந்தான். இரண்டு பேரும் தலையைக் குனிந்து பேசிக்கொண்டிருந்தார்கள், என்னைக் கண்டதும் ஷாகுல் சத்தமாக "இங்க வடை நல்லாருக்குக்கா" என்றான். வடையைப் பற்றி அவன் என்றைக்குப் பேசியிருக்கிறான்? காசு கீசு வாங்கியிருப்பானா, சேச்சே, ஷாகுலா. ஆனால் ஆள் மாறுவதற்கு ஒரு ராத்திரி போதும். கடைக்குப் பெரிய விளம்பரப் படம் எடுக்கப்போகிறார்கள் என்று சின்ன முதலாளி சொன்னாரே, அதில் வேலை கேட்டிருப்பான். கேட்டால் தப்பா? என்னோடு இருந்து அவனுக்கு என்ன மிச்சம்? இருந்தாலும் என்னிடம் சொல்லியிருக்கலாம். முழங்கால் வலிக்கிறது. எனக்கும் ஒரு சிவப்பு ஸ்டூல் கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள், நான் உட்காரமாட்டேன். அதில் உட்கார்ந்தால் நானும் செட்டில் ஒரு சாமான் ஆகிவிடுவேன்.

ஒரு மனுஷி தூங்குகிறாளா இல்லையா என்று இமையைப் பார்த்தே சொல்லிவிட எனக்கு யாரும் கற்றுத்தரவில்லை, ராஜபாளையத்தில் எங்கள் ஒற்றை அறை வீட்டில் தானாக வந்தது. அப்பாவுக்கு நூல் மில்லில் இரவு ஷிப்ட். பகலெல்லாம் தூக்கம். வீட்டில் பாத்திரம் உரசக்கூடாது, ரேடியோ கூடாது, நானும் தங்கையும் சைகையில் சண்டை போடுவோம். வேறு வேலை இல்லாததால் நான் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பேன். நல்ல தூக்கத்தில் அவர் கீழ்த்தாடை தொங்கும், புருவத்துக்கு நடுவில் இருக்கிற கோடு அழிந்துபோகும், பஞ்சுத்தூசி ஒட்டிய காது மடல்கூட அசைவில்லாமல் கிடக்கும். பிறகு ஒரு கோடையில் அது மாறியது. தாடை தொங்கவில்லை. கோடு அழியவில்லை. இமைக்குள் கண் ஓடிக்கொண்டே இருந்தது. வழக்கம்போல இரவில் டிபன் பாக்ஸோடு போகிறார், காலையில் வருகிறார், படுக்கிறார், ஆனால் தூங்குவதில்லை. அடுக்களையில் இருந்த அம்மாவிடம் போய், "அப்பா தூங்கலம்மா, நடிக்கிறாரு" என்றேன். அம்மா அரிவாள்மனையிலிருந்து நிமிரக்கூட இல்லை. "தூங்குறவங்களை உத்துப் பாக்கக்கூடாதுடி, போ" என்றாள். மில்லைப் பூட்டி வெகுநாளாகிவிட்டது என்பது பள்ளிக்கூடத்தில் வேறொரு பிள்ளை சொல்லித்தான் எனக்குத் தெரியும். ராத்திரி முழுக்க அவர் பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்திருந்துவிட்டு வந்து படுத்திருக்கிறார். அம்மாவுக்கு முதலிலேயே தெரியும், அதுவும் எனக்கு எத்தனையோ காலம் கழித்துத்தான் புரிந்தது. அவள் எல்லாம் தெரிந்தே பாத்திரம் உரசாமல் இருந்திருக்கிறாள். எங்களையும் சத்தம் போடாதே என்று அதட்டியிருக்கிறாள். தூங்காத ஒருவருடைய தூக்கத்தை ஒரு வீடே காவல் காத்திருக்கிறது. நான் மட்டும்தான் கண்டுபிடித்துவிட்டேன் என்ற பெருமையோடு சுற்றியிருக்கிறேன். இதை ஏன் இப்போது நினைக்கிறேன், கேமராவைப் பார், போகஸ் நழுவுகிறது. பாதங்களுக்குப் போ. முத்துப்பேச்சியின் பாதங்கள் நடிக்காது. குதிகாலில் வெடிப்பு, கணுக்காலுக்கு மேலே நீல நரம்பு முடிச்சு முடிச்சாக எழும்பி முழங்கால் பக்கம் ஏறிப்போகிறது, மெட்டி வீங்கின விரலுக்குள் புதைந்திருக்கிறது. இந்தப் பாதங்களை இருபதடித் திரையில் காட்டினால் அரங்கத்தில் ஒருத்தர்கூட மூச்சு விடமாட்டார். ஆனால் பாதத்துக்கு மேலே பொய்யான முகம் இருக்கிறதே. இதை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வது? பொய்த் தூக்கத்தைப் போட்டு ஓய்வு என்று பெயர் வைத்தால் சின்ன முதலாளிக்கு விளம்பரப் படம் இலவசமாக எடுத்துக்கொடுத்தவள் ஆவேன். அதற்குத்தான் பாதாம் பால்.

அப்போதுதான் இயர்போனில் மூச்சு நின்றது. அடுத்து ஏதோ உரசியது, துணி, தலைமுடி, பிறகு உதடு அசையாமல் பேசுகிற குரல். முதலில் கீழே இருந்து வருகிற மைக் சத்தம் என்று நினைத்தேன். "போயிருச்சா?" இது சகாயமேரி. அவள் கவிழ்ந்து படுத்திருக்கிறாள், முகம் முத்துப்பேச்சியின் தோளுக்குப் பக்கத்தில். "இல்ல, நிக்குது. கண்ணத் தொறக்காத." "மூக்கு அரிக்குதுடி." "அரிக்கட்டும். அது மிஷினை ஆஃப் பண்ணுச்சுன்னா தனுஷ்கோடி ஏறி வந்துருவான். நேத்துப் பாத்தேல்ல?" கேமராவில் பார்த்தால் இரண்டு பேரும் அசையவே இல்லை. இவ்வளவு தூரத்தில் நிற்கிற எனக்குக் கேட்காது என்று நினைத்திருக்கிறார்கள், மைக் மூச்சை மட்டும்தான் எடுக்கும் என்று நான்தானே சொன்னேன். என் காது சூடானது. இதோ, பிடிபட்டுவிட்டீர்கள், சொல்லுங்கள், யார் சொல்லிக்கொடுத்தது, அதையும் சொல்லுங்கள். "ஆடி பொறந்ததுல இருந்து சோத்தை முழுங்கிட்டுல்ல ஓடுனோம்," என்றாள் முத்துப்பேச்சி, "இந்தம்மா வந்தப்புறந்தான் முதுகு தரையில படுது. மிஷின் ஓடும்போது கூப்பிட்டா படத்துல வந்துரும்னு அவனுக்குப் பயம்." "எத்தனை நாளு இருக்குமாம்?" என்றாள் சகாயமேரி. "யாருக்குத் தெரியும். தூக்கம் எடுக்க வந்துருக்கு. கெடச்சிருச்சுன்னா போயிரும். அதான் சொல்லுறேன், நெசமா தூங்கிறாத. கொஞ்சம் மோசமாத் தூங்கு." சகாயமேரியின் முதுகு குலுங்கியது, சிரிப்பு. "நீ வேற, நான் கண்ண மூடுனா செத்த பொணம் மாதிரி தூங்கிருவேன், அதான் உன்னயக் கிள்ளச் சொல்லுறேன்." "கிள்ளுறேன், பேசாத."

நான் கேமராவைப் பிடித்துக்கொண்டேன், கேமரா என்னைப் பிடித்துக்கொண்டது என்றும் சொல்லலாம். சந்தேகப்பட்டது சரிதான், தூங்கவில்லை, நடிக்கிறார்கள், எல்லாம் சரி, ஆனால் நடிப்பு எனக்கு எதிராக, எனக்காக, முதலாளிக்காக, எதற்காக, என் தலைக்குள் எல்லாச் சாமான்களும் இடம் மாறிக்கொண்டிருந்தன. ஸ்டூலும் பெயிண்டும் மருந்தும் முதலாளி போட்ட செட். அந்த செட்டுக்குள் புகுந்து இந்தப் பெண்கள் தங்களுக்கு ஒரு மதியத்தைத் திருடிக்கொண்டிருக்கிறார்கள். காவலுக்கு நிற்க என்னை வைத்திருக்கிறார்கள். கண்ணை மூடிப் படுத்தும் தூங்க முடியாது, ஏனென்றால் தூங்கிவிட்டால் நான் போய்விடுவேன். இதைவிடக் கொடுமையான ஓய்வை நான் எங்கேயும் பார்த்ததில்லை, உடனே அடுத்த நினைப்பு, சொல்லவே கூசுகிறது, இதைவிட நல்ல காட்சி எனக்கு எங்கேயும் கிடைத்ததில்லை. மூடிய கண்கள், அசையாத உதடுகள், அதன்மேல் இந்தப் பேச்சு. படத்தின் முதுகெலும்பே இதுதான். பெயரைச் சொல்லிவிட்டாள், தனுஷ்கோடி என்று, அதை மட்டும் வெட்டிவிடலாமா? குரலைக் கொஞ்சம் மாற்றலாமா? மாற்றினாலும் முகம் இருக்கிறதே. ஆடி முடிவதற்குள் வேலையைவிட்டு அனுப்பிவிடுவான், இருவரையும், இந்த வரிசையில் படுத்திருக்கிற எல்லாரையும். முகத்தைக் காட்டாமல் பாதத்தை மட்டும் காட்டலாமா? நீல நரம்பு, மெட்டி, அதன்மேல் குரல். அந்த மெட்டியை வைத்து அடையாளம் கண்டுபிடிக்க எத்தனை நேரமாகும்? நான் வெட்டிக்கொண்டும் ஒட்டிக்கொண்டும் இருந்தேன், என் மனசுக்குள் படம் ஓடியது, கைத்தட்டல்கூடக் கேட்டது. படியில் செருப்புச் சத்தமும் கேட்டது.

தனுஷ்கோடி வாசலில் நின்றான். கழுத்தில் அடையாள அட்டை, கையில் வாக்கி டாக்கி, நெற்றியில் வியர்வை, நேற்றைய சிரிப்பு இன்றைக்கு இல்லை. "மேடம், கீழே கூட்டம் அடங்க மாட்டேங்குது. கஸ்டமர் சத்தம் போடுறாங்க. இன்னும் முடியலையா?" வரிசை முழுக்க ஒரு விறைப்பு ஓடுவதைத் திரையில் பார்த்தேன். ஒரு கண்ணும் திறக்கவில்லை, ஆனால் எல்லாக் காதுகளும் திறந்துகொண்டன. இயர்போனில் முத்துப்பேச்சியின் மூச்சு சுத்தமாக நின்றுவிட்டது. நான் உதட்டில் விரலை வைத்தேன். அவன் அருகில் போய், "ஷாட் ஓடிக்கிட்டிருக்கு" என்றேன் மெதுவாக. "இப்ப நீங்க பேசுனதும் அதுல விழுந்திருக்கும். திரும்ப முதல்ல இருந்து எடுக்கணும்." "திரும்பவா? எவ்வளவு நேரம் மேடம்?" "சின்ன முதலாளிகிட்ட வேணா கேட்டுக்கிறேனே. எங்க வேணா எடுத்துக்கங்கன்னு அவர்தான் சொன்னாரு." அவன் கேமராவைப் பார்த்தான், அதன் சிவப்பு விளக்கைப் பார்த்தான், குரலைத் தணித்துக்கொண்டு "இல்ல இல்ல மேடம், எடுங்க, எடுங்க" என்று பின்னால் நகர்ந்தான். கதவை அவனே சாத்திக்கொண்டு போனான். பொய் சொல்லும்போது என் குரல் நடுங்குமே, இன்றைக்கு நடுங்கவில்லை. நான் கேமராவுக்குத் திரும்பி நடந்தபோது முத்துப்பேச்சியின் மூச்சு மறுபடி வந்தது, நீளமாக, ஒரே இழுப்பாக. அதற்குப் பிறகு அவர்கள் பேசவில்லை. நானும் நிறுத்தவில்லை. கீழே மைக்கில் அந்தப் பெண் கூவிக்கொண்டே இருந்தாள், வெயில் ஜன்னலில் இருந்து அட்டைப்பெட்டிக்கு இறங்கியது, வரிசையின் கடைசியில் யாரோ ஒருத்தி குறட்டை விட ஆரம்பித்தாள், ஒருத்தியும் அவளைக் கிள்ளவில்லை.

கேமராவை ஓடவிட்டுவிட்டு, கதவைக் கொஞ்சமாகத் திறந்து வெளியே போனேன். ஷாகுல் படியில் காலை நீட்டி வழியை மறித்து உட்கார்ந்திருந்தான், ஹெட்போன் கழுத்தில். "அவனை ரொம்ப நேரம் நிறுத்திப் பார்த்தேன்க்கா, இன்னிக்கு கேக்கல. நேத்து டீக்கடையில நல்லா சொல்லிவச்சிருந்தேன், ஷூட்டிங் நடக்கும்போது படியில யாரும் ஏறக்கூடாதுன்னு." நான் அவனையே பார்த்தேன். வடை நன்றாயிருக்கிறது என்று சத்தம் போட்டவன். "கேட்டியா, உள்ள பேசுனத?" "முதல் நாள்ல இருந்து கேக்குறேன்." "என்கிட்ட ஏன் சொல்லல?" அவன் ரெக்கார்டரின் மேல் இருந்த தூசியைத் தட்டினான். தூசி இல்லை, சும்மா தட்டினான். "சொன்னா நீங்க படத்துல வச்சிருவீங்கக்கா." அவ்வளவுதான். கோபமாகச் சொல்லவில்லை, மழை வரும்க்கா என்கிற மாதிரி சொன்னான். நான் இவனைச் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்த அத்தனை நேரமும் இவன் என்னைச் சந்தேகப்பட்டிருக்கிறான், இவனுடைய சந்தேகத்துக்குக் காரணம் இருந்திருக்கிறது. வைக்கமாட்டேன் என்று சொல்ல வாயெடுத்தேன். சற்று முன்னால் கேட்ட கைத்தட்டல் இன்னும் காதில் இருந்தது. "முன்னாடி பேசுனதெல்லாம் எங்கே?" என்றேன். "அழிச்சிட்டேன். இன்னிக்கு உள்ளது மட்டும்தான் இருக்கு." ரெக்கார்டரை என் பக்கம் நீட்டினான். இதையும் அவனே அழித்திருக்கலாம், அழிக்கவில்லை, என்னிடம் நீட்டுகிறான். சோதிக்கிறானா? சோதிக்கட்டும். இவ்வளவு நல்ல சத்தம் என் வாழ்க்கையில் இனிமேல் கிடைக்காது என்று தெரிந்துகொண்டே பொத்தானை அழுத்தினேன். உறுதிதானா என்று அந்த இயந்திரமும் என்னைச் சந்தேகப்பட்டுக் கேட்டது. ஆமாம் என்று மறுபடி அழுத்தினேன். ஷாகுல் காலை மடக்கி எனக்கு உட்கார இடம் விட்டான்.

மணி அடித்தது. உள்ளே போனேன். பெண்கள் எழுந்து அட்டைகளைச் சுவரில் சாய்த்துவைத்து, சேலை மடிப்பை நீவி, ஒருத்தி தலையில் இன்னொருத்தி ஹேர்பின் குத்திவிட்டு, ஒருவர்பின் ஒருவராகப் படியிறங்கினார்கள். முத்துப்பேச்சி மைக்கைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு கடைசியாக நின்றாள். "நல்லா வந்துச்சாக்கா?" என்றாள். சாதாரணமாகக் கேட்கிற மாதிரிதான் கேட்டாள், ஆனால் மைக்கை நீட்டின கை பாதியில் நின்றிருந்தது. "இல்லம்மா," என்றேன், "மோசமா வந்திருக்கு. நாளைக்கும் எடுக்கணும். நாளான்னைக்கும் எடுக்கணும்னு நினைக்கிறேன். ஆடி முடியிற வரைக்கும் ஆகும் போல." அவள் முகத்தில் சந்தோஷம் வரும் என்று எதிர்பார்த்தேன். வரவில்லை. என்னைப் பார்த்தாள், கையில் இருந்த மைக்கைப் பார்த்தாள், அந்தச் சின்னக் கறுப்புப் பொட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள், திரும்ப என்னைப் பார்த்தாள். இமையைப் பார்த்துத் தூக்கத்தைக் கண்டுபிடிக்கிற பார்வையைப்போல ஒரு பார்வை அது, என் முகத்தில் எதையோ தேடியது. நான் கண்ணை நகர்த்தாமல் நின்றேன். கீழே இருந்து சகாயமேரி "ஏய், வாடி" என்று கூப்பிட்டாள். முத்துப்பேச்சி மைக்கை என் உள்ளங்கையில் வைத்து, ஏதோ உடைகிற பொருளைக் கொடுப்பதுபோல என் விரல்களை மடக்கிவிட்டாள்.

"அப்ப நாளைக்கு நான் நெசமாவே தூங்கிருவேன்க்கா," என்றாள். "பரவாயில்லையா?"

"தூங்கு" என்றேன்.